கீழறையும் சில்லுக்கதிரையும்

எங்கள் வீட்டில் கீழே ஒரு அறைதான் இருக்கிறது. வாசலால் உள்ளே வந்தவுடன் இடது கைப்பக்கம், கார் விடும் இடத்துக்கும் குசினிக்கும் நடுவில். ஒரு கட்டில், ஒரு அலுமாரி, சாமிப்படம் வைக்கும் தட்டு, ஒட்டினாற்போல் ஒரு குளியலறை. யன்னலைத் திறந்தால் நான் சாடியில் வைத்த கறிவேப்பிலை கைக்கு எட்டும். மற்ற அறைகள் எல்லாம் மேலே. மேலே போகப் பதினான்கு படி. சிட்னியில், கிரவீன் என்ற இடத்தில் மகன் இந்த வீட்டை வாங்கி ஒன்பது வருடம் ஆகிறது. ஒன்பது வருடமும் கீழறையில் நான்தான் இருக்கிறேன்.

அந்த அறைக்கு ஆபத்து பொயிண்ட் குக்கிலிருந்து வந்தது.

என் மருமகளின் தாய் அங்கே, மெல்பனில், தன் மகனோடு இருந்தவர். சொந்த இடம் திருச்சிப் பக்கம். அந்த மகனுக்கு வேலை சிங்கப்பூருக்கு மாறியது. தாயைக் கூட்டிக்கொண்டு போகவில்லை. "கொஞ்ச நாள்தான் அத்தை, அம்மா நம்மகூட இருக்கட்டும்" என்று மருமகள் என்னிடம் சொன்னாள். கொஞ்ச நாளுக்கு வருகிறவர் இட்லிச் சட்டியும் கிரைண்டரும் கொண்டு வரமாட்டார். சம்பந்தியம்மா இரண்டும் கொண்டு வந்தார். கையில் ஒரு ஊன்றுதடியும் வந்தது. போன தைப்பொங்கலுக்கு வந்து நின்றபோது அந்தத் தடி இருக்கவில்லை.

பேத்தி வேறு நகரத்துக்குப் படிக்கப் போனதில் மேலே ஒரு அறை சும்மா கிடந்தது. அதில் படுக்கச் சொன்னார்கள். சம்பந்தியம்மா படியின் அடியில் நின்று, கோபுரத்தைப் பார்ப்பதுபோல மேலே பார்த்தார். பிறகு, "எனக்கு எதுக்கும்மா ரூமெல்லாம்? இந்த சோபா போதும்" என்று ஹோலில் படுத்துக்கொண்டார். பெண் கொடுத்த சம்பந்தி ஹோலில் சுருண்டு கிடந்தால், மாப்பிள்ளையைப் பெற்றவளுக்கு அறைக்குள் நித்திரை வராது என்பது அவருடைய கணக்கு. எனக்கு நல்ல நித்திரை வந்தது.

ஐந்தாம் நாள் காலை, குசினியில் மகனும் மருமகளும் கதைப்பது என் கட்டிலுக்குக் கேட்டது. இந்த நாட்டுச் சுவர் எல்லாம் மட்டைதானே.

"அம்மாவால மாடி ஏற முடியலங்க. எத்தன நாளைக்கு சோபாவுலயே படுப்பாங்க?"

"என்ர அம்மாவுக்கும் முழங்கால் ஏலாதுதானே."

"அத்தைக்கு அவ்ளோ மோசமில்ல. போன வாரம் ஸ்டூல் மேல ஏறி கர்ட்டன் கழட்டினாங்க. நான் பாத்தேன்."

மகனின் கரண்டி கோப்பையில் சுற்றும் சத்தம் கேட்டது. "சரி, சனிக்கிழமை ரெண்டு பேரையும் எங்கயாவது கூட்டிக்கொண்டு போவம். ஆர் எப்பிடி நடக்கினம் எண்டு பாப்பம். ஏற ஏலுமான ஆள் மேல போகட்டும்."

சந்தையில் மாடு வாங்க வந்தவர்கள் மாட்டை நடத்திப் பார்ப்பார்களே, அதுபோல. பெற்ற பிள்ளை.

உண்மையை எழுதுகிறேன். எனக்கு முழங்காலில் நோ உண்டு. குளிர் நாளில் கூடும். ஆனால் பதினான்கு படி ஏற ஏலாத நோ இல்லை. ஏற விருப்பமில்லாத நோ. மேலே போனால் குசினிக்கு வர ஒருதரம் இறங்க வேண்டும், திரும்ப ஏற வேண்டும். அப்படி ஆனவர்கள் என்ன செய்வார்கள் என்று நான் பார்த்திருக்கிறேன். முதலில் ஒரு நேரத் தேநீரை விடுவார்கள். பிறகு சமையலை விடுவார்கள். பிறகு தட்டில் போட்டு மேலே கொண்டுவந்து தருவார்கள். கட்டிலில் இருந்து தின்கிற ஆளை வீட்டில் ஒருவரும் யோசனை கேட்பதில்லை. குசினிக்குப் பக்கத்தில் இருப்பவள்தான் வீட்டுக்காரி. அது சம்பந்தியம்மாவுக்கும் தெரியும். தெரிந்துதான் கிரைண்டரோடு வந்தார்.

அன்று முதல் நானும் சுவரைப் பிடித்து நடந்தேன். கதிரையால் எழும்பும்போது "அம்மாளாச்சி" என்றேன். சம்பந்தியம்மா "முருகா" என்றார். நான் காலை நீட்டி வைத்துத் தைலம் பூசினால் அவர் இரண்டு காலுக்கும் பூசினார். வெள்ளிக்கிழமை வருவதற்குள் வீடு முழுக்கத் தைல மணம்.

சனிக்கிழமை காலை ஏழு மணிக்கு வெளிக்கிட்டோம். மருமகள் முன்னால், மகனுக்குப் பக்கத்தில். பின்னால் நாங்கள் இரண்டு பேரும், நடுவில் சாப்பாட்டுப் பை. நீல மலைக்கு அங்கால் போய், இன்னும் ஒரு மணித்தியாலம் போக வேண்டும். அந்த ஊரின் பெயரை மருமகள் நாலு தரம் சொன்னாள். என் வாயில் வரவில்லை. எழுதவும் வராது.

"முதல்ல பழைய இடிபாடு பாக்கறோம் அத்தை. அப்புறம் பக்கத்துலயே ஒரு குன்று. குன்று மேல ஒரு ஊர். அந்தக் காலத்து ஐரோப்பா ஊர் எப்படி இருக்குமோ, கோட்டை, சர்ச், கல்லுத் தெரு, அப்படியே கட்டி வச்சிருக்காங்க."

"ஆர் கட்டினது?" என்று கேட்டேன்.

"யாரோ பணக்காரரு. அவருக்குப் பழைய ஊர் ஞாபகம் வந்துச்சாம்."

"ஞாபகம் வந்தா போய்ப் பாத்திட்டு வந்திருக்கலாமே. பிளேன் இல்லையோ?"

மகன் சிரித்தான். சம்பந்தியம்மா என் பக்கம் திரும்பி, பிள்ளைக்குச் சொல்வதுபோல மெதுவாகச் சொன்னார்: "அப்பல்லாம் கப்பல்தான் சம்மந்தி. உங்களுக்குத் தெரிஞ்சிருக்க நியாயமில்ல."

அவர் அரசாங்க அலுவலகத்தில் வேலை பார்த்து ஓய்வு எடுத்தவர். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். தமிழை எழுத்துக் கூட்டி வாசிப்பேன், மெதுவாக எழுதுவேன். இங்கிலீஷ் ஒரு எழுத்தும் தெரியாது. தெரியாது என்று சொல்ல எனக்கு வெட்கமில்லை. என் முன்னால் நின்று வாசித்துக் காட்டுகிறவர்களைத்தான் எனக்குப் பிடிப்பதில்லை. சம்பந்தியம்மா மலைப்பாதை முழுக்க வாசித்தார். பெட்ரோல் ஷெட் பலகையை வாசித்தார். கங்காரு கடக்கும் என்று போட்டிருந்த பலகையையும் வாசித்தார். அதில் கங்காருப் படமே இருந்தது.

இடிபாடு என்றது ஒரு பழைய இரும்பு உலை. செங்கல் சுவர்கள் பாதிப் பாதியாக நின்றன. வளைவு வளைவாக வாசல்கள், அவற்றுக்கு மேலே கூரை இல்லை, வானம். நடுவில் ஒரு புகைக்கூண்டு தனியாக நின்றது. சுவரின் வெடிப்புகளில் புல் முளைத்திருந்தது. அதைச் சுற்றிக் கம்பி வேலி, கல் பாவிய நடைபாதை, இருபது அடிக்கு ஒரு பலகை. வெள்ளைக்காரர் தொப்பியும் கறுப்புக் கண்ணாடியும் போட்டுக்கொண்டு, கோயிலுக்குள் நடப்பதுபோல நடந்தார்கள். ஒருவன் சுவரைத் தொட்டுப் பார்த்துக் கண்ணை மூடினான்.

சம்பந்தியம்மா தடியை ஊன்றி ஒவ்வொரு பலகைக்கு முன்னாலும் நின்றார். "நூறு வருஷத்துக்கு மேல ஆச்சாம். எத்தனையோ பேர் வேலை பாத்தாங்களாம். ஒரே நாள்ல மூடிட்டாங்களாம்." ஒவ்வொன்றையும் எனக்குச் சொன்னார். நான் கேட்கவில்லை.

"நூறு வருஷமெண்டா பழசோ?" என்று மகனிடம் கேட்டேன்.

"இந்த நாட்டில அது பழசுதான், அம்மா."

"அப்ப நானும் முக்கால்வாசிப் பழசு. எனக்கும் ஒரு வேலி போடு."

அவன் என் காலைப் பார்த்துக்கொண்டிருந்தான். நான் உடனே அவன் தோளைப் பிடித்தேன். சுவரில் சாய்ந்து நின்று மூச்சு வாங்கினேன். கொஞ்சம் அங்கால் சம்பந்தியம்மாவும் ஒரு கல்லில் உட்கார்ந்து மூச்சு வாங்கினார். மகன் என்னைப் பார்த்தான், அவரைப் பார்த்தான், பிறகு தன் போனைப் பார்த்தான்.

கல்லில் இருந்தபடி சம்பந்தியம்மா சொன்னார். "உங்களுக்கு இதெல்லாம் புதுசில்ல, என்ன சம்மந்தி? உங்க ஊர்ல எல்லாமே இப்படித்தானே கெடக்கும்."

குத்துவதற்குச் சொன்னாரா, யோசிக்காமல் சொன்னாரா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. இரண்டில் எது என்றாலும் எனக்கு ஒன்றுதான். யாழ்ப்பாணத்தில் சண்டைக் காலத்தில் எங்கள் வீடு செல் விழுந்து முன்பக்கம் போன நாள் நான் கிணற்றடியில் நின்றேன். குசினிச் சுவர் மட்டும் மிஞ்சியது, மூன்றடி உயரத்துக்கு. அதில் தொங்கிய சுளகு அப்படியே தொங்கியது. அதை எடுத்துக்கொண்டுதான் போனோம்.

"ஓம் சம்பந்தி," என்றேன். "எங்கட வீடும் இப்பிடித்தான் கிடந்தது. ஆனா ஒருத்தரும் வந்து பலகை நடேல்லை. நட்டிருந்தா நீங்களும் வந்து வாசிச்சிருக்கலாம்."

மருமகள் சட்டென்று, "பசிக்குதுல்ல? சாப்பிட்டுடலாமே" என்றாள்.

புல்லில் மேசையும் உட்கார நீள வாங்கும் போட்டிருந்தார்கள். நான் புட்டும் கத்தரிக்காய்ப் பொரித்த குழம்பும் கொண்டுவந்திருந்தேன். அவர் புளிச்சோறும் உருளைக்கிழங்கு வறுவலும். இங்கே ஒன்றை எழுத வேண்டும், ஏனென்றால் பின்னால் நடந்தது எல்லாம் இதில்தான் நிற்கிறது. எங்கள் ஆட்களில், யாரும் ஒன்றைத் தந்தால் முதல் தரம் "வேண்டாம்" என்பதுதான் மரியாதை. நா ஒட்டிப்போயிருந்தாலும் வேண்டாம்தான். இரண்டாம் தரம் கேட்பார்கள், "ஐயோ, இப்பதான் சாப்பிட்டனான்" என்போம். மூன்றாம் தரம் கேட்டால் வாங்குவோம். முதல் தரமே வாங்குகிறவர் வளர்ப்புக் கெட்டவர். மூன்றாம் தரம் கேட்காதவர் தர விருப்பமில்லாதவர். இந்த ஒரு விஷயத்தில் திருச்சிக்கும் யாழ்ப்பாணத்துக்கும் வித்தியாசம் இல்லை.

அன்றும் அப்படியே நடந்தது. "புட்டு கொஞ்சம் போடட்டே சம்பந்தி?" என்றேன். "வேணாம் வேணாம்." "கொஞ்சம்தானே." "வயிறு ஃபுல்லா இருக்கு." "என்ர கையால செய்தது, ஒரு வாய்." "சரி, ரெண்டே ரெண்டு கரண்டி." நாலு கரண்டி சாப்பிட்டார். அவருடைய புளிச்சோற்றை நானும் மூன்றாம் தரம்தான் வாங்கினேன். நல்லெண்ணெய் கூடிவிட்டது. சொல்லவில்லை. ஆகவே அவருக்கு இந்த வழக்கம் தெரியாது என்று யாரும் என்னிடம் சொல்ல வேண்டாம்.

பிறகு குன்றடிக்குப் போனோம். கார் விடுவது அடியில். மேலே ஊர் தெரிந்தது. சாம்பல் நிறக் கல்லில் மதில், மதிலுக்கு மேலே கூர்க் கூரைகள், எல்லாவற்றுக்கும் மேலே ஒரு கோபுரம். பாதை வளைந்து வளைந்து ஏறியது. செங்குத்து. அதைப் பார்த்தவுடனே, இங்கேதான் தீர்ப்பு என்று எனக்கு விளங்கியது. நான் நொண்டத் தொடங்கினேன். சம்பந்தியம்மாவுக்கு முன்னால் போய் நொண்டினேன், எல்லோருக்கும் தெரியட்டும் என்று.

வாசலில் ஒரு வெள்ளைக்காரி இருந்தாள். என் வயதுதான் இருக்கும். உதட்டில் சிவப்புச் சாயம், கழுத்தில் ஒரு அட்டை. அவளுக்குப் பக்கத்தில் ஒரு சில்லுக்கதிரை. ஒன்றே ஒன்று. அவள் என் நடையைப் பார்த்தாள். முகம் இளகியது. கதிரையை உருட்டிக்கொண்டு நேரே என்னிடம் வந்து, இருக்கையைத் தட்டி, என்னவோ கேட்டாள். கேட்டது விளங்கவில்லை, தட்டியது விளங்கியது.

அந்தக் கதிரையில் நான் குந்தியிருந்தால் கதை அங்கேயே முடிந்தது. கீழறை என்னுடையது.

நான் கையை ஆட்டி, "நோ, நோ, தேங்க் யூ" என்றேன்.

வாய் தானாகச் சொன்னது. எழுபது வருடம் சொன்ன வாய். சொல்லிவிட்டு நின்றேன், இரண்டாம் தரம் கேட்பாள் என்று. முகத்தில் ஒரு சிறு சிரிப்பும் வைத்துக்கொண்டு நின்றேன்.

அவள், "ஓகே, டார்லிங்" என்றாள். கதிரையைத் திருப்பினாள். எனக்குப் பின்னால் வந்த சம்பந்தியம்மாவிடம் போய் அதே இருக்கையை அதே மாதிரித் தட்டினாள்.

சம்பந்தியம்மா, "ஓ, தேங்க் யூ, ஸோ கைண்ட்" என்றார். முதல் தரமே. சேலையை ஒதுக்கி, உட்கார்ந்து, தடியை மடியில் வைத்துக்கொண்டார். அலுவலகத்தில் தன் நாற்காலியில் உட்கார்வதுபோல உட்கார்ந்தார்.

நான் அவரைப் பார்த்தேன். அவர் மலையைப் பார்த்தார்.

கதிரையைத் தள்ள என் மகன் போனான். வேறு யார் தள்ளுவது? மருமகள் பைகளைத் தூக்கினாள். மகன் திரும்பி, "அம்மா, உங்களுக்கு ஏலாதெண்டா கார்ல இருங்கோவன். நாங்கள் கெதியா வந்திடுவம்" என்றான்.

அது நல்ல வழி. காரில் இருந்தாலே போதும். மலை ஏறாத கிழவியை மாடிக்கு யார் அனுப்புவார்கள்? நான் ஓம் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் கதிரையிலிருந்து குரல் வந்தது.

"ஆமா மாப்ள, அவங்க கார்லயே இருக்கட்டும். பாவம். நாம போட்டோ எடுத்துட்டு வந்து காட்டலாம்."

அந்தப் பாவம் என்ற சொல். ஒரு முழு நாட்டை விட்டு இரண்டு பிள்ளைகளோடு வெளிக்கிட்டு வந்தவள் நான். என்னைப் பாவம் என்று சொல்ல ஒருவருக்கும் இடம் கொடுத்ததில்லை. அகதிக் காசு வாங்கிய காலத்திலும் தலை நிமிர்ந்துதான் வரிசையில் நின்றேன். என் பிள்ளை தள்ளுகிற கதிரையில் இருந்துகொண்டு, என்னைப் பாவம் என்கிறார்.

"நான் வாறன்," என்றேன்.

நொண்டுவதை மறந்து போனேன். முதல் வளைவு வரை கோபம் என்னைத் தள்ளியது. மகன் கதிரையோடு மூச்சிரைக்க வந்தான். நான் அவர்களைத் தாண்டிப் போனேன். இரண்டாம் வளைவில் மருமகளையும் தாண்டினேன். "அத்தை, மெதுவா" என்றாள். அவளுடைய குரலில் இருந்தது கரிசனை மட்டும் இல்லை, எனக்கு விளங்கியது. ஆனால் நிற்க ஏலவில்லை. மூன்றாம் வளைவில் முழங்காலுக்குள் ஊசி குத்தியது. சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு நடந்தேன்.

அந்த ஊரைப் பற்றியும் எழுதவேண்டுமே. கல் பாவிய முற்றம், நடுவில் ஒரு பொய்க் கிணறு. பொய் என்று எப்படித் தெரியும் என்றால், எட்டிப் பார்த்தேன், முழ ஆழத்தில் சீமெந்து. நாலு பக்கமும் கல் வீடுகள். உள்ளே மெழுகுதிரிக் கடை, தேநீர்க் கடை, ஜாம் விற்கும் கடை. ஒரு வீட்டிலும் ஆள் இல்லை, அடுப்பு இல்லை, கொடியில் ஒரு உடுப்புத் துண்டு இல்லை. இரும்புச் சட்டை போட்ட ஒருவன் வெயிலில் வியர்த்துக்கொண்டு, வருகிறவர்களோடு படம் எடுத்தான். சனம் குடியிருந்து உடைந்து போனதைக் காலையில் பார்த்தோம். ஒருநாளும் குடியிராததை மத்தியானம் பார்த்தோம். இரண்டுக்கும் சேர்த்துப் பெட்ரோல் செலவு.

சில்லுக்கதிரை முற்றத்துக்கு வந்து நின்றது. மகனின் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. சம்பந்தியம்மாவுக்கு ஒரு சொட்டு வியர்வை இல்லை.

"நல்ல காத்து," என்றார். பிறகு கோபுரத்தை நிமிர்ந்து பார்த்து, "அதுல ஏறுறவங்க பாக்கியசாலிங்க. நம்ம வயசுல முடியுமா? நமக்கெல்லாம் இதோட சரி, இல்ல சம்மந்தி?" என்றார்.

எனக்கு அது தூண்டில் என்று தெரியும். மீனுக்குத் தெரியாது, எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டே போய்க் கொத்தினேன்.

கோபுரத்துக்குள் படி சுழன்று சுழன்று போனது. ஒரு ஆள் அகலம். அறுபதுக்குப் பிறகு எண்ணுவதை விட்டேன். ஒவ்வொரு ஓட்டை யன்னலிலும் நின்று, இறங்கி வருகிறவர்களுக்கு வழி விடுவதுபோல மூச்சு வாங்கினேன். உச்சிக்கு வந்து கைப்பிடிச் சுவரைப் பிடித்து நின்றபோது முழங்கால் இரண்டும் என்னுடையதாக இல்லை.

கீழே பார்த்தேன். தூரத்தில் அந்த உடைந்த உலை, நெருப்புப்பெட்டி அளவு. முற்றத்தில் மூன்று தலைகள். மகன் கையை நெற்றியில் வைத்து என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான். மருமகள் அவன் காதருகில் என்னவோ சொன்னாள். அவன் தலையாட்டினான். பிறகு எனக்குக் கை காட்டினான்.

நானும் கை காட்டினேன். அறை போய்விட்டது என்று அந்த இடத்தில் எனக்குத் தெரிந்துவிட்டது.

இறங்கியதை ஒருவரும் காணவில்லை. குந்திக் குந்தி இறங்கினேன், ஒவ்வொரு படியிலும் இருந்து, சின்னப் பிள்ளைபோல. ஒரு வெள்ளைக்காரப் பெட்டை கை கொடுக்க வந்தாள். முறைத்தேன், போய்விட்டாள். கடைசிப் படியில் எழும்பி, சேலையைத் தட்டி, கொண்டையை அழுத்தி, நிமிர்ந்து வெளியே வந்தேன்.

"அம்மா, நல்லா ஏறுறியள்," என்றான் மகன். பாராட்டுப்போலத்தான் இருந்தது.

திரும்பி வரும்போது காருக்குள் நான் வலியை விழுங்கிக்கொண்டு இருந்தேன். மலை இறங்கி, பென்றித் என்ற ஊரைத் தாண்டியபோது மருமகள் தொண்டையைச் செருமினாள். "அத்தை, உங்ககிட்ட ஒண்ணு பேசணும்" என்றாள்.

அவள் வாயால் அதைக் கேட்க நான் தயாரில்லை. "தெரியும் பிள்ளை," என்றேன். "நான் மேல போறன். கீழறை சம்பந்திக்கு."

உண்மையாகத்தான் சொன்னேன். பறிகொடுப்பதைவிடத் தூக்கிக் கொடுப்பது மேல் என்று நினைத்துத்தான் சொன்னேன். அதில் ஒரு சூதும் இல்லை.

சம்பந்தியம்மா நெஞ்சில் கை வைத்தார். "ஐயய்யோ, வேணாம் சம்மந்தி. உங்க ரூம். அதுல போயி நான் எப்படி? வேணவே வேணாம்."

சொல்லிவிட்டு, முகத்தில் ஒரு சிறு சிரிப்போடு காத்திருந்தார்.

அந்தச் சிரிப்பை நான் அன்று மத்தியானம் என் முகத்தில் வைத்திருந்தேன். இரண்டாம் தரம் கேட்க வாய் திறந்தவள், அதைக் கண்டவுடன் வாயை மூடினேன். வட்டப்பாதை ஒன்று வந்தது. மகன் அதைச் சுற்றி வந்து நேர்ப்பாதையில் விழும்வரை யோசித்தேன்.

"சரி சம்பந்தி," என்றேன். "வேண்டாமெண்டா வேண்டாம்தானே." யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

பிறகு மருமகள், "அத்தை, அம்மா அது சும்மா ஒரு பேச்சுக்கு..." என்று தொடங்கினாள்.

"சும்மாவோ?" என்றேன். "உங்கட அம்மா படிச்சவ. சும்மா கதைக்கமாட்டா. கதிரை வேணுமெண்டேக்க வேணுமெண்டு முதல் தரமே சொன்னவதானே. அறை வேண்டாமெண்டேக்க வேண்டாமெண்டுதான் சொல்லுறா. அப்பிடித்தானே சம்பந்தி?"

சம்பந்தியம்மா என்ன சொல்வார்? வேண்டும் என்று சொன்னால் முதலில் சொன்னது பொய். சொல்லாவிட்டால் அறை இல்லை. வீடு வரும்வரை அவர் ஒரு பலகையையும் வாசிக்கவில்லை. மகனின் தோள் இரண்டு தரம் குலுங்கியது. இருமல் என்று மருமகளுக்குச் சொன்னான்.

இன்னும் மூன்று நாள் சோபாவில் படுத்தார். நாலாம் நாள் கிரைண்டரைக் குசினி மூலையில் விட்டுவிட்டு மேலே போனார், மகளின் தோளைப் பிடித்து, படிக்கு ஒரு முருகாவோடு.

நான் வென்றேன் என்று எழுதலாம். ஆனால் கோபுரம் ஏறிய மறுநாள் காலை என்னால் கட்டிலால் எழும்ப முடியவில்லை. முழங்கால் இரண்டும் பூசணிக்காயாக வீங்கியிருந்தன. டாக்டர் படம் எடுத்துப் பார்த்து, இனிமேல் படி ஏறக் கூடாது என்று சொன்னார். மகன் அதைத் தமிழில் எனக்குச் சொன்னபோது என் முகத்தைப் பார்க்கவில்லை. இப்போது சுவரைப் பிடித்துத்தான் நடக்கிறேன். "அம்மாளாச்சி" என்பது தானாக வருகிறது. டாக்டர் சொன்ன பிறகும் வீட்டில் எல்லோரும் நான் நடிக்கிறேன் என்று நினைக்கிறார்கள். கோபுரம் ஏறினவதானே என்று மருமகள் போனில் யாருக்கோ சொன்னதைக் கேட்டேன்.

பேத்தியின் அறை என் அறைக்கு நேர் மேலே. காலை ஐந்து மணிக்குச் சம்பந்தியம்மாவின் காலடிச் சத்தம் கேட்கும். யன்னலிலிருந்து அலுமாரிக்கு, அலுமாரியிலிருந்து கதவுக்கு, சுறுசுறுப்பாக. பிறகு பதினான்கு படியும் ஒரே மூச்சில் இறங்கும் சத்தம். தடி ஊன்றுகிற சத்தம் மட்டும் கேட்காது. நான் எழும்பிச் சுவரைப் பிடித்துக் குசினிக்கு வந்து சேர்வதற்குள் அவர் தடியோடு மேசையில் உட்கார்ந்திருப்பார். முன்னால் தேநீர் இருக்கும், அடுப்பில் அவருடைய இட்லிச் சட்டி.

"வாங்க சம்மந்தி, கால் எப்படி இருக்கு? இட்லி வைக்கட்டுமா?"

"வேண்டாம்," என்பேன்.

அவர் இரண்டாம் தரம் கேட்பதில்லை. நான் என் புட்டுப் பானையை எடுத்து மற்ற அடுப்பில் வைப்பேன்.